ஏழாவது என்று யாரும் சொல்லவில்லை

கார்வின் ஏரி
ஏப்ரல் 20

அன்புள்ள ஹெல்மி அக்கா,

பத்து விரல்களும் உறையாமல் இருக்கிறாய் என்று நம்பி எழுதுகிறேன். உங்கள் பக்கம் ஆற்றில் பனிக்கட்டி உடைந்துவிட்டதா? இங்கே அப்பாவுக்கு முழங்கால் வலி, மற்றபடி குறையில்லை. எனக்கு உடம்பு நன்றாக இருக்கிறது, முகம்தான் கெட்டுவிட்டது. ஐஸ் ஹாக்கி பிளே ஆஃப் தொடங்கிய நாளிலிருந்து, நம் அணி தோற்கக் கூடாதென்று யாரும் சவரம் செய்யவில்லை. ஆலையில் எல்லாருக்கும் தாடி மண்டிக் கிடக்கிறது. எனக்கு மட்டும் அங்கங்கே முளைத்து, எலி கடித்த கம்பளம் மாதிரி இருக்கிறது.

நம் ராஃப்டர்ஸ் அரையிறுதிக்கு வந்துவிட்டார்கள். உங்கள் சுரங்க முகாம் ரேடியோ ஸ்கோரை மட்டும்தான் சொல்கிறது, ஆட்டத்தை நீ எழுது என்று கேட்டிருந்தாய். எழுதுகிறேன். நேற்று நம்மூர் பீட் மஸ்காரோ இரண்டு கோல். உன் வகுப்பில் கடைசி பெஞ்சில் தூங்குவானே, அவன்தான். வலைக்குப் பின்னாலிருந்து சுற்றி வந்தான். கோல் காக்கும் கோலி இந்தப் பக்கம் திரும்புவதற்குள் ரப்பர் பக்கை அந்தப் பக்கம் தள்ளிவிட்டான். டிவி முன்னால் தெருவே அலறியது. அப்பா நாற்காலியில் அசையாமல், "இடது காலை முதல்ல வச்சான், அதான்" என்றார். அதுதான் அவருடைய கொண்டாட்டம்.

இன்னொரு விஷயம். இரண்டாவது மெஷினை நிறுத்தப் போகிறார்கள் என்று ஆலையில் பேச்சு. நான் வேலை பார்ப்பது அதில்தான். காகிதம் செய்வதில் லாபம் இல்லை என்கிறது ஹேவர்டு குடும்பம். ராஃப்டர்ஸுக்குப் புது ஆட்டக்காரன் வாங்க மட்டும் லாபம் எங்கிருந்தோ வருகிறது. ஆலையும் அவர்களுடையது, அணியும் அவர்களுடையது. நான் யாருக்குக் கைதட்டுகிறேன் என்று சில சமயம் புரியவில்லை. ஆனாலும் தட்டுகிறேன்.

தாடியுள்ள தம்பி,
ஏரோ

*

சுரங்க முகாம்
மே 1

அன்புத் தம்பி,

வியாழக்கிழமை விமானம் உன் கடிதத்தையும் உருளைக்கிழங்கு மூட்டைகளையும் இறக்கிவிட்டுப் போயிற்று. உன் கடிதத்தைத்தான் முதலில் பிரித்தேன், பெருமைப்பட்டுக்கொள். நான் நலம். அடுப்பில் சுட்டுக்கொண்ட கை ஆறிவிட்டது. அப்பாவை டாக்டரிடம் போகச் சொல். போக மாட்டார். ஆனாலும் சொல்.

கடிதத்தைச் சாப்பாட்டு அறையில் சத்தமாகப் படித்தேன். அத்தனை பேரும் கரண்டியை வைத்துவிட்டுக் கேட்டார்கள். வெடி வைக்கும் ரஸ்ஸல் சொன்னது: "உன் தம்பி ரேடியோக்காரனவிட நல்லா சொல்றான். அந்தத் தாடியப் பத்தி இன்னொரு தடவ படி."

இறுதிச் சுற்றுக்கு நாம் வந்தால் ஏழாவது ஆட்டம் வரைக்கும் போகும் என்று ஒரு புதுப் பையன் வாயை விட்டுவிட்டான். ரஸ்ஸல் எழுந்து போய் அவன் தட்டை எடுத்துக்கொண்டான். "நாலு ஜெயிச்சாக் கோப்பை. ஏழுன்னு சொன்னா மூணு தோல்விய நீயே எழுதிக் குடுத்துட்டேன்னு அர்த்தம். சொன்ன வாய்க்கு இன்னிக்குச் சாப்பாடு கிடையாது." பையனுக்கு நான் பிறகு ரகசியமாகக் கொடுத்தேன். ஆனால் ரஸ்ஸல் சொன்னது சரிதான்.

மெஷினைப் பற்றி நாலு வரியில் முடித்துவிட்டாய். அது போதாது. எழுது.

அடுப்படியிலிருந்து,
ஹெல்மி

*

கார்வின் ஏரி
மே 9

அன்புள்ள அக்கா,

கை ஆறியது நல்ல செய்தி. இங்கே நலம். அப்பாவிடம் டாக்டர் என்று சொன்னேன். "மே மாசம் முடியட்டும்" என்றார். அவர் நாள்காட்டியே ஹாக்கி அட்டவணைதான்.

இறுதிச் சுற்று. நம்பவே முடியவில்லை. நாளை முதல் ஆட்டம், எல்லைக்குத் தெற்கேயிருந்து வருகிறவர்களோடு. ஒன்று விட்டு ஒரு நாள் ஆட்டம். அட்டவணை அட்டை எல்லாருடைய சட்டைப் பையிலும் இருக்கிறது.

மெஷின் கதையைக் கேட்டாய். கம்பெனி எழுத்திலேயே கொடுத்துவிட்டது. இரண்டாவது மெஷின் நிற்கும். கடைசியாக வேலைக்குச் சேர்ந்த இருநூறு பேர் வெளியே. அதில் நான் ஒருவன். அப்பா மாதிரி வயதானவர்களுக்கு முன்கூட்டியே பென்ஷன். சங்கம் ஓட்டெடுத்து 'ஆமாம்' என்றால் இது நடக்கும். 'வேண்டாம்' என்றால் வேலைநிறுத்தம். வேலைநிறுத்தம் வந்தால் அவர்கள் இறங்கி வருவார்கள் என்று தலைவர் கிளென் உறுதியாகச் சொல்கிறார். மெஷின்காரர்கள் எல்லாரும் வந்து 'வேண்டாம்' போட்டாலே போதும். நான் இந்த ஊரில் இருப்பேனா, சூட்கேஸைத் தூக்குவேனா என்பது அந்த ஓட்டில் இருக்கிறது.

இப்போது ஒரு வேடிக்கை. நேற்று மண்டபத்தில் கூட்டம். கிளென் ஓட்டெடுப்புத் தேதியை வாசித்தார்: 22, வியாழன், மாலை ஏழிலிருந்து ஒன்பது வரை. வாசித்துவிட்டு அவரே ஒரு கணம் நிறுத்தினார். சில பேர் கை சட்டைப் பையைத் தொட்டது. உனக்கே தெரியும், 22 எந்த ஆட்டத்தின் நாள் என்று. அப்படி ஓர் ஆட்டம் தேவைப்பட்டால்.

என்னோடு மெஷினில் நிற்கும் டக்கி பின்னாலிருந்து கேட்டான். "வேற நாள் இல்லியா கிளென்?"

"ஏன், 22-ல என்ன?"

டக்கி கூரையைப் பார்த்தான். "ஒண்ணுமில்ல. சும்மா கேட்டேன்."

அவ்வளவுதான். கை தூக்கித் தேதியை ஏற்றுக்கொண்டோம். நானும் தூக்கினேன். இறுதிச் சுற்று தொடங்குவதற்கு முன்னால் அந்த எண்ணை வாயால் சொல்லி, பிறகு தோற்றால், ஊரில் தலைகாட்ட முடியுமா?

உன்,
ஏரோ

*

சுரங்க முகாம்
மே 15

ஏரோ,

நலம் விசாரிக்க நேரமில்லை, பைலட் காப்பி குடித்து முடிப்பதற்குள் எழுதுகிறேன்.

உங்கள் எல்லாருக்கும் புத்தி கெட்டுவிட்டதா? இந்தக் கடிதம் கையில் கிடைத்த நிமிஷமே கிளென் வீட்டுக்குப் போ. கதவைத் தட்டு. 22-ஆம் தேதி ஏழாவது ஆட்டம் என்று சொல். ஏழாவது, ஏழாவது, ஏழாவது. பார், நான் சொல்லிவிட்டேன், வானம் இடிந்து விழவில்லை. சாபம் வந்தால் என் தலையில் வரட்டும். நான் இங்கே கரடிகளோடு இருக்கிறேன், எனக்கென்ன.

நான் ஏன் இந்த முகாமுக்கு வந்தேன் என்று மறந்துவிட்டாயா? மரம் அறுக்கும் பட்டறையை மூடியபோதும் இப்படித்தான் எல்லாரும் கூரையைப் பார்த்தோம்.

தேதியை மாற்றச் சொல். பைலட் கூப்பிடுகிறான்.

ஹெல்மி

*

கார்வின் ஏரி
மே 17

அன்புள்ள அக்கா,

நலமா? இங்கே நலத்துக்கு மேலே. மூன்றுக்கு ஒன்று. இன்னும் ஓர் ஆட்டம் ஜெயித்தால் கோப்பை. உன் கடிதம் எதுவும் இந்த வாரம் வரவில்லை.

நேற்று நாலாவது ஆட்டம், கூடுதல் நேரம். நம் ஆள் ஒருவன் தண்டனைப் பெட்டியில் உட்கார்ந்திருக்க, ஓர் ஆள் குறைவாக ஆடியே மஸ்காரோ பக்கைப் பறித்துக்கொண்டு தனியாக ஓடினான். கோலி முன்னால் வந்தான். மஸ்காரோ அடிப்பதுபோல் மட்டையை ஓங்கி, அடிக்காமல் நிறுத்தி, கோலி படுத்ததும் மேலே தூக்கிப் போட்டான். அப்பா எழுந்து நின்றார். நிஜமாகவே எழுந்து நின்றார், அந்த முழங்காலோடு.

22 பற்றி இனிக் கவலையில்லை. அதற்குள் எல்லாம் முடிந்திருக்கும். தலைவலியோடு போய் ஓட்டுப் போடுவோம், அவ்வளவுதான். கிளென் முகத்தில்கூட இன்று சிரிப்பு.

உன்,
ஏரோ

*

கார்வின் ஏரி
மே 21

அக்கா,

மூன்றுக்கு மூன்று. ஐந்தாவதில் அவர்கள் ஐந்து கோல். ஆறாவதைப் பற்றி எழுத மாட்டேன். மஸ்காரோவின் தாடையில் தையல்.

ஆலையில் இன்று ஒருவரும் ஒருவரோடும் பேசவில்லை. கிளென் காலையிலேயே கம்பெனிக்குப் போய் ஒரு நாள் தள்ளி வைக்கச் சொல்லிக் கேட்டார். கெடு வெள்ளி காலை, ஒரு மணி நேரம்கூடத் தர முடியாது என்று சொல்லிவிட்டார்கள். மதியமே அவர்கள் நோட்டீஸ் வந்தது: நாளை மாலை ஆட்டம் பார்க்க நம்மூர் ஐஸ் அரங்கத்தில் பெரிய திரை, ஊருக்கே இலவசம், பீர் இலவசம், ஹேவர்டு குடும்பத்தின் அன்பளிப்பு. ஐந்து மணிக்குக் கதவு திறக்கும்.

அரங்கம் ஆற்றுக்கு இந்தப் பக்கம். சங்க மண்டபம் அந்தப் பக்கம். இதைத் திட்டம் போட்டுச் செய்தார்களா, இல்லை நாமே செய்து கொடுத்துவிட்டோமா? மாலை முழுக்க யோசித்தேன், தெரியவில்லை. நம் தலைவருக்கே வாய் வராதபோது அவர்களை மட்டும் எப்படித் திட்டுவது? ஆனாலும் திட்டுகிறேன்.

மெஷின் பையன்கள் சேர்ந்து இடம் பிடிக்கிறார்கள். ஏழு மணிக்கு நான் பாலத்தைத் தாண்டி ஓடி, ஓட்டைப் போட்டுவிட்டு, ஏழரைக்கு ஆட்டம் தொடங்கும்போது திரும்பிவிடுவேன். கணக்கு சரியாக வருகிறது.

நீங்கள் எப்போது போடுவீர்கள் என்று அப்பாவைக் கேட்டேன். சட்டைக்கு இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தார். காலரைத் திருப்பிப் போட்டுத் தேய்த்தார்.

உடம்பைப் பார்த்துக்கொள்.
ஏரோ

*

கார்வின் ஏரி
மே 25

அன்புள்ள அக்கா,

நலமாக இருக்கிறாயா? ஜெயித்துவிட்டோம். ரேடியோவில் கேட்டிருப்பாய். ஆனாலும் நான் சொல்ல வேண்டும்.

தொடங்கிக் கொஞ்ச நேரம்தான் ஆகியிருக்கும். நான் எழுந்தேன், அவர்கள் கோல் போட்டார்கள். நான் எழுந்த அதே நொடி. பையன்கள் என் சட்டையைப் பிடித்து இழுத்து உட்கார வைத்தார்கள். "நீ எந்திரிச்சதாலதான்டா. இனி கோப்பையோடதான் எந்திரிக்கணும்." உட்கார்ந்ததும் நாம் ஒன்று போட்டோம். பிறகு நான் எப்படி எழுவது? இடைவேளையில்கூட டக்கி என் மடியில் காலைப் போட்டுக்கொண்டான். கடைசி வரை அசையவில்லை.

மூன்றாவது பகுதியில் இரண்டுக்கு இரண்டு. மூன்று நிமிஷம் இருக்கும்போது பக் ஓரத்துப் பலகையில் பட்டுத் திரும்பி மஸ்காரோவின் காலடியில் விழுந்தது. தாடைத் தையல் பிரிந்து ரத்தம் சொட்டிக்கொண்டிருந்தது. அவன் நிமிர்ந்து பார்க்கவே இல்லை. கோலியின் கால்களுக்கு நடுவே. மணி அடித்ததும் யார் யாரைக் கட்டிப்பிடித்தோம் என்று தெரியாது. எங்கள் ஃபோர்மன் என் நெற்றியில் முத்தம் கொடுத்தான். நான் அழுதேன் அக்கா. இவ்வளவு சந்தோஷம் என் வாழ்க்கையில் வந்ததில்லை. அதுதான் எனக்கு விளங்கவே இல்லை.

ஏனென்றால் மறுநாள் காலையில் மண்டபக் கதவில் ஒட்டியிருந்தார்கள். பத்தொன்பது ஓட்டில் 'ஆமாம்' ஜெயித்துவிட்டது. தொள்ளாயிரம் பேரில் மூன்றில் ஒரு பங்குகூடப் போய்ப் போடவில்லை. ஜூலையோடு மெஷின் நிற்கும். அதைப் படித்துக்கொண்டிருக்கும்போதே தபால்காரன் உன் கடிதத்தை நீட்டினான். ஏழாவது, ஏழாவது, ஏழாவது. தெருவில் நின்று சிரித்தேன்.

போனவர்கள் யார் தெரியுமா? கிழவர்கள். பென்ஷன் வாங்கப் போகிறவர்கள். அப்பா போயிருந்தார். ஆயுளில் ஓர் ஆட்டம் விடாதவர், இஸ்திரி போட்ட சட்டையோடு அன்றைக்கு மண்டபத்தில் இருந்தார். எதற்காகப் போயிருப்பார்? எப்படிப் போட்டீர்கள் என்று முகத்துக்கு நேராகக் கேட்டேன். "அது ரகசிய ஓட்டு" என்றார். சொந்தப் பிள்ளையின் வேலையை விற்றவரோடு ஒரே மேசையில் சாப்பிட என்னால் முடியாது. டக்கி வீட்டு சோபாவுக்கு வந்துவிட்டேன். கடிதம் இந்த முகவரிக்கே எழுது.

ஏரோ

*

கார்வின் ஏரி
மே 30

மகள் ஹெல்மிக்கு,

நான் சுகம். முழங்கால் பரவாயில்லை. நீ சாப்பிடுகிறாயா? மற்றவர்களுக்குச் சமைக்கிறவர்கள் சரியாகச் சாப்பிட மாட்டார்கள்.

இந்த முறை ஆட்டத்தைப் பற்றி எழுத என்னிடம் ஒன்றும் இல்லை. நான் பார்க்கவில்லை. ஓட்டுப் பெட்டி அருகில் உட்கார ஆள் கிடைக்கவில்லை, கிளென் என்னை உட்கார வைத்தார். ஏழிலிருந்து ஒன்பது வரை வாசலைப் பார்த்துக்கொண்டிருந்தேன். இரண்டாவது மெஷின் பையன்கள் நாலு பேர் வந்தார்கள். அந்த நாலில் அவன் இல்லை.

நான் 'வேண்டாம்' போட்டேன். ஏரோவிடம் சொல்லவில்லை. சொன்னால் அடுத்து அவனை நான் ஒன்று கேட்க வேண்டியிருக்கும். நீயும் சொல்லாதே.

இரவில் ஊர் முழுக்க ஹாரன் சத்தம். நல்ல ஆட்டமாகத்தான் இருந்திருக்கும்.

அப்பா

*

சுரங்க முகாம்
ஜூன் 12

அன்புத் தம்பி,

சோபாவில் முதுகு வலிக்காமல் தூங்குகிறாயா? நான் நலம். இங்கே கொசு வந்துவிட்டது.

உன் கடிதத்தை எல்லாருக்கும் படித்தேன், கடைசிப் பக்கத்தைத் தவிர. ரஸ்ஸல் மூன்று முறை படிக்கச் சொன்னான். மூன்றாவது முறை பாதியிலேயே மடித்து வைத்துவிட்டேன். ஆட்டத்துக்காக இல்லை.

அப்பாவைப் பற்றி நீ எழுதியதற்கு நான் ஒன்றும் சொல்லப்போவதில்லை. எனக்குத் தெரிந்ததை எழுத எனக்கு அனுமதி இல்லை. ஒன்று மட்டும் கேட்கிறேன். ஓட்டு ஏழிலிருந்து ஒன்பது வரை. நீ கடைசி வரை அசையவில்லை என்று எழுதியிருக்கிறாய். ஏழரைக்கு ஆட்டம் தொடங்குமுன் பாலத்தைத் தாண்டி ஓடிப் போய் வந்ததை எழுதவே இல்லை. ஆட்டத்தில் ஒரு பக் எந்தப் பலகையில் பட்டது என்பதுவரை எழுதுகிறவன் நீ.

மறந்துவிட்டாயா, ஏரோ?

உன் அக்கா

*

சுரங்க முகாம்
ஜூலை 17

தம்பி,

விமானம் வாராவாரம் வருகிறது. உன் எழுத்து மட்டும் வரவில்லை. உடம்புக்கு ஒன்றுமில்லையே? பதில் சொல்லத்தான் வேண்டும் என்றில்லை. சாப்பிட்டேன் என்று ஒரு வரி எழுதினால்கூடப் போதும்.

ஹெல்மி

*

கார்வின் ஏரி
ஆகஸ்ட் 18

அன்புள்ள அக்கா,

சாப்பிட்டேன். உடம்புக்கு ஒன்றுமில்லை. சவரம் செய்துவிட்டேன். ஜூலை முடிந்ததும் மெஷின் நின்றது. மறுநாள் காலை ஊரில் அந்த இரைச்சல் பாதியாகிவிட்டது. நாய்கள்கூடக் குழம்பிப்போய்க் குரைத்தன. வரும் திங்கள் நானும் டக்கியும் மேற்கே எண்ணெய்க் கிணறுகளுக்குப் போகிறோம்.

சனிக்கிழமை கோப்பை ஊருக்கு வந்தது. ஜெயித்தவர்கள் ஆளுக்கு ஒரு நாள் தங்கள் ஊருக்கு எடுத்துப் போவார்களே, மஸ்காரோ அரங்கத்துக்குக் கொண்டுவந்தான். வாசலில் கம்பெனியின் பெரிய துணி: நன்றி, கார்வின் ஏரி. வேலை போன இருநூறு பேருக்கும் இலவசமாகத் தொத்திறைச்சி சுட்டுக் கொடுத்தார்கள். அந்தத் துணியைக் கிழிப்பதற்காகத்தான் நான் போனேன். போய், படம் எடுக்கும் வரிசையில் நின்றேன். ஏன் என்று கேட்காதே. என் காலைத்தான் கேட்க வேண்டும்.

திரும்பிப் பார்த்தால் எனக்குப் பின்னால் அப்பா. பேசி மூன்று மாதம் ஆகிறது. நகர்ந்தால் ஊரே பார்க்கும். நகரவில்லை.

மஸ்காரோ எல்லாரிடமும் ஒரே கேள்வியைத்தான் கேட்டுக்கொண்டிருந்தான். கோப்பை வந்ததிலிருந்து இந்த ஊரில் எல்லாரும் எல்லாரையும் கேட்பது அதுதான். அப்பாவையும் என்னையும் இரண்டு பக்கமும் நிறுத்திக்கொண்டு கேட்டான்.

"ஏழாவது ஆட்டத்த எங்க பாத்தீங்க, ஆர்வோ மாமா?"

"பாக்கல."

"நீங்களா? விளையாடாதீங்க."

"மண்டபத்துல இருந்தேன்."

மஸ்காரோவுக்கு எந்த மண்டபம் என்று புரியவில்லை. வரிசையில் இருந்தவர்களுக்குப் புரிந்தது. தொத்திறைச்சி தின்றுகொண்டிருந்தவர்கள்கூட நிறுத்தினார்கள்.

"நீ, ஏரோ?"

"இங்கதான்" என்றேன். "முதல் வரிசை. அஞ்சு மணிலேருந்து கடைசி வரைக்கும்."

படம் எடுத்துவிட்டார்கள். அதில் என் முகம் எப்படி இருக்கும் என்று தெரியாது.

உன் ஜூன் மாதக் கேள்விக்கும் அதுதான் பதில். அப்பா எப்படிப் போட்டார் என்று இனி நான் கேட்கப்போவதில்லை. அதைக் கேட்க எனக்கு வாய் இல்லை.

வெளியே வந்து நடக்க ஆரம்பித்தேன். அப்பாவும் நடந்தார். அவர் முழங்காலுக்காக மெதுவாக நடந்தேன். பாலம் வந்தது.

"முதல் வரிசைன்னா நல்லா தெரிஞ்சிருக்குமே" என்றார்.

"தெரிஞ்சுது."

"அப்ப சொல்லு. முதல்லேருந்து."

கேலியா என்று முகத்தைப் பார்த்தேன். கேலி இல்லை. சொன்னேன். முதல் பக் யார் கைக்குப் போனது என்பதிலிருந்து. நான் எழுந்த இடம் வந்தபோது நின்றுவிட்டேன்.

"இங்கதான் ஓட்டுப் போட வரலாம்னு எழுந்தேன். அதுக்கு முன்னாடி பீர் வரிசைல இருந்துட்டேன். எழுந்ததும் அவங்க கோல் போட்டாங்க. பசங்க பிடிச்சு உட்கார வச்சாங்க. உட்கார்ந்துட்டேன்."

அப்பா ஆற்றைப் பார்த்தார்.

"ம். அடுத்து பக்க யாரு எடுத்தா?"

மன்னித்தாரா, இல்லை ஒவ்வொரு கோலாக என் வாயாலேயே சொல்ல வைத்துத் தண்டித்தாரா, எனக்கு விளங்கவில்லை அக்கா. எந்த இடத்திலும் அவர் என்னை அவசரப்படுத்தவில்லை. எந்த இடத்தையும் தாண்டிப் போக விடவும் இல்லை. மஸ்காரோ எந்தக் காலை முதலில் வைத்தான் என்று கேட்டார். தெரியாது என்றேன், தாடையில் ரத்தத்தைத்தான் பார்த்தேன் என்றேன். "காலப் பாத்திருக்கணும்" என்றார்.

மூன்றாவது பகுதி பாதியில் வீடு வந்துவிட்டது. அவர் கதவைத் திறந்து பிடித்துக்கொண்டு நின்றார். நான் படியில் நின்றே கடைசி மூன்று நிமிஷத்தைச் சொல்லி முடித்தேன்.

"நல்ல ஆட்டம்" என்றார். கதவை இன்னும் பிடித்துக்கொண்டுதான் இருந்தார்.

உள்ளே போனேன். திங்கள் வரைக்கும்.

கொசுக்கடியோடு இருக்கும் என் அக்காவுக்கு,
ஏரோ